முகம் காட்டாத கிணறு

பங்குனிப் பொங்கல் முடிந்த மறுநாள் காலையில் கருங்காலிப்பட்டியின் நல்ல தண்ணீர்க் கிணறு நல்லமுத்துவுக்கு மட்டும் முகம் காட்டாமல் விட்டது. வாளி தெரிந்தது, கயிறு தெரிந்தது, கயிற்றைப் பிடித்திருந்த அவருடைய கை தெரிந்தது, தோளில் கிடந்த சிவப்புத் துண்டு தெரிந்தது, துண்டுக்கு மேலே முகம் இருக்கவேண்டிய இடத்தில் வானமும் அதில் போய்க்கொண்டிருந்த ஒரு காக்கையும் தெரிந்தன. நல்லமுத்து இன்னும் கொஞ்சம் குனிந்து பார்த்தார், துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடியும் பார்த்தார், "கெணத்துக்கு எம்மேல என்ன கோவமோ" என்று பக்கத்தில் நின்றவர்களிடம் சொல்லிவிட்டுத் தண்ணீரை எடுத்துக்கொண்டு வீட்டுக்குப் போனார். சித்திரை முடிவதற்குள் செத்துப்போனார்.

அந்தச் சாவில் ஒப்பாரி பாடியவள் சீனியம்மா. அவளைப் பற்றி இங்கேயே சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இது அவளுடைய கதை, கிணற்றின் கதை என்று நினைத்துப் படிக்கிறவர்கள் பாதியில் ஏமாந்துபோவார்கள். சுற்றுப்பட்டு ஊர்களில் யார் செத்தாலும் அவளுக்குத்தான் ஆள் போகும். செத்தவர் உயிரோடு இருந்த காலத்தில் யாருக்கும் ஒரு வாய் மோர் கொடுக்காத கருமியாக இருந்தாலும், சீனியம்மா பாடி முடிக்கும்போது அப்படி ஒரு தரும மகராசா இனிப் பிறக்கப்போவதில்லை என்று அவருடைய பங்காளியே மூக்கைச் சிந்துவான். எந்த வீட்டில் எந்தச் சொல் தைக்கும் என்று அவளுக்குத் தெரியும். நல்லமுத்துவின் தலைமாட்டில் உட்கார்ந்ததும் யாரோ கிணற்றடிச் சங்கதியைச் சொல்ல, அவள் அதை அப்படியே பாட்டில் எடுத்துப்போட்டாள்.

"வானம் தெரிஞ்சுதய்யா, வாளி தெரிஞ்சுதய்யா,
மானம் பெரிய மன்னா, ஒம் மொகம் தெரியலையே!"

கூட்டம் குலுங்கிவிட்டது. அதற்குப் பிறகு ஒவ்வொரு சாவிலும், மாலை வருவதற்கும் மேளம் வருவதற்கும் முன்னால், சீனியம்மா தலைமாட்டில் உட்கார்ந்து வீட்டாரிடம் முதலில் கேட்பது, "கெணறு மொகம் காட்டுச்சா?" என்றாகிவிட்டது. காட்டவில்லை என்றுதான் ஒவ்வொரு வீட்டிலும் சொன்னார்கள். பொய்யில்லை, நிஜமாகவே காட்டியிருக்கவில்லை. ஒரு வருஷத்தில் ஊரில் ஆறு சாவு, ஆறு பேருக்கும் முகம் போயிருந்தது, ஆறு பேருமே முகம் போன ஒரு மண்டலத்துக்குள் செத்திருந்தார்கள். பிறகு சந்தேகப்படுவதற்கு என்ன இருக்கிறது? முகம் போனால் ஒரு மண்டலத்துக்குள் ஆள் போவான் என்று ஊர் முடிவு கட்டிவிட்டது.

கிணறு ஏன் இப்படிச் செய்கிறது என்று யாரும் மெனக்கெட்டு விசாரிக்கவில்லை. மழை ஏன் பக்கத்து ஊரில் பெய்துவிட்டு இங்கே வராமல் போகிறது என்று விசாரித்தால் பதில் வருகிறதா, அதுபோல இதையும் விட்டுவிட்டார்கள். வீட்டுக் கண்ணாடிகளில் எல்லாருடைய முகமும் வழக்கம்போலத் தெரிந்தது, ஆனால் கண்ணாடி கடையில் வாங்கியது, அதற்கு என்ன தெரியும் என்று அதை ஒதுக்கினார்கள். பெண் பார்க்க வந்தவர்கள் காபி குடித்து முடித்ததும், சும்மா காற்றாட நடந்துவிட்டு வரலாம் என்று பெண்ணைக் கிணற்றுப் பக்கம் கூட்டிப்போனார்கள். முகத்தைப் பத்துப் பேர் பார்க்கும்படி தொலைத்தவன் பாடு திண்டாட்டமாயிற்று, அவனிடம் யாரும் சண்டை போடவில்லை, யாரும் அவனைக் கேலி செய்யவில்லை, யார் வீட்டில் வாழைத்தார் வெட்டினாலும் நல்ல சீப்பைப் பார்த்து அவனுக்கே எடுத்துக் கொடுத்தார்கள், அவன் மச்சினன் வந்து அவனுடைய கட்டிலை இப்படியும் அப்படியும் அசைத்துப் பார்த்துவிட்டு, "தேக்குதான?" என்று அன்பாகக் கேட்டான். இந்த அன்புக்குப் பயந்தே ஊரில் பாதிப் பேர் கண்ணை இறுக மூடிக்கொண்டு தண்ணீர் இறைக்கப் பழகினார்கள். ஊர் நாட்டாமை கோட்டைச்சாமி கண்ணை மூடி இறைத்ததில் வாளி கல்லில் மோதி நசுங்கி, வீட்டில் தகராறு வந்தது.

அடுத்த புரட்டாசியில் சீனியம்மாவின் புருஷன் கடற்கரைக்கு முகம் போயிற்று.

கடற்கரை என்று பெயர், கடலைப் பார்த்தவன் இல்லை. நாலு ஏக்கர் மானாவாரிக் கரிசலில் மிளகாய் போடுகிறவன், மழை இறங்கியதும் விதைப்பதற்காக விதையைப் பார்த்துப் பார்த்து எடுத்து வைத்திருந்தான். கிணற்றடியில் கூட்டமாக இருந்த நேரம், அவன் கண்ணை மூடுகிற கட்சியும் இல்லை, குனிந்து பார்த்தான், தோள் தெரிந்தது, கழுத்து தெரிந்தது, மேலே வெறும் மேகம். பக்கத்தில் நின்ற பெண்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு குடத்தோடு ஒதுங்கி அவனுக்கு வழிவிட்டார்கள். வீட்டுக்கு வந்தவன் மண்வெட்டியைச் சுவரில் சாத்தினான், பாயை விரித்தான், படுத்தான்.

சீனியம்மா நம்பினாள். நம்பாமல் எப்படி இருப்பாள், ஆறு பேரின் தலைமாட்டிலும் உட்கார்ந்து கேட்டவள் அவள்தானே? அத்தை மகனைக் கட்டியவள், கல்யாணம் ஆன நாளிலிருந்து அவனை "யோவ்" என்றுதான் கூப்பிடுவாள், அன்றிலிருந்து "நீங்க, வாங்க, சாப்பிடுங்க" என்று ஆரம்பித்தாள். மரியாதையைக் கேட்டதும் கடற்கரைக்குக் கொஞ்சநஞ்சம் இருந்த தெம்பும் போய்விட்டது. கஞ்சியைப் பாதியில் வைத்தான், பிறகு கால்வாசியில் வைத்தான், பிறகு வாயைத் திறக்கவே இல்லை. ஐப்பசி மழை இறங்கி ஊரே விதைப்புக்குப் போனது, அவன் காடு மட்டும் ஈரத்தோடு சும்மா கிடந்தது. சொந்தக்காரர்கள் வெற்றிலையோடு வந்து வாசலில் வரிசையாக உட்கார்ந்தார்கள். கிணறு கொல்கிறதோ இல்லையோ, இப்படியே போனால் பட்டினியே அவனைக் கொண்டுபோய்விடும் என்பது அவளுக்குக் கண்முன்னால் தெரிந்தது.

கடைசி முயற்சியாக அவள் அய்யனார் கோயிலுக்குப் போனாள். நோய்க்கு மண்ணால் உறுப்புச் செய்து வைப்பது அந்தப் பக்கத்து வழக்கம், கால்வலி வந்தவர் காலை வைப்பார், கண்ணில் பூ விழுந்தவர் கண்ணை வைப்பார். செய்து கொடுப்பவரும் பூசாரியும் ஒருவரே, சுப்பையா வேளார். புருஷனுக்கு ஒரு முகம் வேண்டும் என்று கேட்கப் போனவள், கோயிலுக்குப் பின்னால் ஆலமரத்தடியைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டாள். மரத்தைச் சுற்றி மண் முகங்கள் குவிந்து கிடந்தன, ஒன்றின்மேல் ஒன்று, மழையில் கரைந்தவை, புதிதாகச் சுட்டவை, மீசை வைத்தவை, மூக்குத்தி போட்டவை.

"என்ன வேளாரே, இம்புட்டு மொகம்?"

"நான் என்னத்தக் கண்டேன் தாயி. விடிய முன்னாடி ஒத்தையா வாராக, துணியில சுத்தி வாங்குறாக, வச்சுக் கும்பிட்டுட்டுப் போறாக. யாருக்குன்னு நான் கேக்குறதில்ல, அவுகளும் சொல்லுறதில்ல. மொகமாவே செஞ்சு செஞ்சு கையி அதுலயே நின்னுபோச்சு. நேத்து ஒரு குதிரை செஞ்சேன், அதுக்கும் மனுச மூக்கு வந்துருச்சு."

"செத்தது ஆறு பேரு. ஆறு பேருக்கும் நான்தான் பாடுனேன்."

"ஆமா."

"இங்க கெடக்குறது ஆறு மொகமா?"

வேளார் குவியலைத் திரும்பிப் பார்த்தார், முதல்முறையாகப் பார்ப்பவர் போல. "அப்ப இதுகளுக்கெல்லாம் உடையவுக எங்க?"

"ஊருக்குள்ளதான் நடமாடிக்கிட்டு இருக்காக வேளாரே. கண்ண மூடிக்கிட்டுத் தண்ணி எறைக்காக."

அவள் அந்த முகங்களுக்கு நடுவிலேயே தரையில் உட்கார்ந்துவிட்டாள். எனக்கு அவள்மேல் இருக்கிற மதிப்பெல்லாம் இந்த ஒரு இடத்துக்காகத்தான். மற்றவர்களாக இருந்தால் புருஷன் பிழைத்துவிடுவான் என்று சந்தோஷத்தில் ஓடியிருப்பார்கள், அவள் தன் வாயைத்தான் முதலில் சந்தேகப்பட்டாள், தன்னையே கேட்டாள்: நான் போனதெல்லாம் சாவு வீடு, சாவு வீட்டில் கேட்டேன், முகம் போயிருந்தது என்றார்கள். முகம் போய் ஒன்றும் ஆகாமல் மிளகாய் பறிக்கப் போனவள் வீட்டுக்கு என்னை யார் கூப்பிடுவார்கள், அவளிடம் நான் எப்போது கேட்டேன்? செத்தவர்களில் எத்தனை பேருக்கு முகம் போயிருந்தது என்பதற்குப் பதில் என்னிடம் இருக்கிறது, அத்தனை பேருக்கும். ஆனால் என் புருஷன் செத்தவர்களில் சேர்ந்தவன் இல்லை, முகம் போனவர்களில் சேர்ந்தவன். முகம் போனவர்களில் எத்தனை பேர் செத்தார்கள்? அதை இந்த ஊரில் ஒருவரும் கேட்கவில்லையே. இப்படி அவள் தனக்குத்தானே சொல்லிச் சொல்லிப் பார்த்தாள். இரண்டும் ஒரே கேள்வி மாதிரி காதில் விழுகிறது, அதுதான் சூது, ஊரே ஒரு கேள்விக்கு வந்த பதிலை எடுத்து இன்னொரு கேள்விக்கு மாட்டிவிட்டிருந்தது.

வீட்டுக்கு ஓடிவந்து கடற்கரையிடம் சொன்னாள். அவன் கண்ணைத் திறக்காமல், "பல்வலிக்கும் மொகந்தான வைப்பாக" என்றான். அதுவும் நியாயம்தான் என்று அவளுக்குப் பட்டது. ஊரையே கேட்டுவிடுவது என்று கிளம்பினாள்.

கோட்டைச்சாமி சாவடியில் இருந்தார். முறைக்கு அவளுக்கு மாமா. "அதெல்லாம் வெளிய சொல்லக்கூடாத வெசயம்த்தா" என்றார். "போயிருச்சுன்னு ஒருத்தி சொன்னா நாளைக்கு அவ மகள யாரு கட்டுவா? கட்டாயப்படுத்த முடியாது."

"அப்பச் சரி மாமா. இனிமே இந்த ஊரு சாவுக்கு என் வாய் தெறக்காது. எல்லாரும் சத்தமில்லாமப் போங்க."

இது ஊரை அசைத்துவிட்டது. சாவது வேறு, சீனியம்மா பாடாமல் சாவது வேறு. தன்னைப் பற்றி அவள் என்ன பாடுவாள் என்று ஆசை ஆசையாக யோசித்து வைத்திருந்த பெரியவர்கள் பலர் அந்த ஊரில் இருந்தார்கள், அவர்களில் கோட்டைச்சாமியும் ஒருவர். பொழுது சாய்வதற்குள் ஊர் சம்மதித்தது.

யாரும் வாயால் சொல்லவேண்டாம் என்று அவள் ஒரு வழி செய்தாள். கிணற்றடியில் குடம் வைத்து வாயைத் துணியால் மூடினாள், கை நுழைகிற அளவு ஓட்டை. முகம் போய், ஒரு மண்டலம் தாண்டியும் உயிரோடு இருப்பவர்கள் புளியங்கொட்டையைப் போடவேண்டும், மற்ற எல்லாரும் பருத்திக்கொட்டையைப் போடவேண்டும். காலையில் பெரியவர்கள் எல்லாரும் வரிசையில் வந்து போட்டார்கள். கவிழ்த்துப் பார்த்தால் குடம் முழுக்கப் பருத்திக்கொட்டை, புளியங்கொட்டை ஒன்றுகூட இல்லை.

"பாத்தியாத்தா, ஒருத்தருக்கும் போகல. ஒம் புருசனுக்கும் செத்தவுகளுக்கும் மட்டுந்தான்" என்றார் கோட்டைச்சாமி.

"அப்ப ஆலமரத்தடியில கெடக்குற மூக்கெல்லாம் யாரு வீட்டு ஆட்டுக்கு மாமா?" என்று கேட்டுவிட்டு, சீனியம்மா குடத்தை விரலால் சுண்டினாள். பித்தளைக் குடம், கணீர் என்றது. தலையில் அடித்துக்கொண்டாள். பஞ்சு ஒட்டிய பருத்திக்கொட்டை விழுந்தால் சத்தமே இல்லை, புளியங்கொட்டை விழுந்தால் தெருக்கோடி வரை கேட்கும். எந்தப் பைத்தியக்காரன் மணியடித்து ஊருக்குச் சொல்லிவிட்டுப் போவான்?

அன்று மதியம் அவள் வீட்டு அடுப்பில் வாணலியை ஏற்றிப் புளியங்கொட்டையை வறுத்தாள். வாசலில் துக்கத்துக்கு உட்கார்ந்திருந்தவர்களுக்கு வாசனை மூக்கைத் துளைத்தது, ஆளுக்கு ஒரு பிடி கேட்டார்கள், கொடுக்கவில்லை. மறுநாள் காலையில் மறுபடி வரிசை, இந்தத் தடவை ஒவ்வொருவர் கையிலும் இரண்டு கொட்டை, ஒன்று வறுத்தது, ஒன்று பச்சை. முகம் போய்ப் பிழைத்தவர் வறுத்ததைப் போடவேண்டும், மற்றவர்கள் பச்சையை. மிச்சக் கொட்டையை மூடிய கைக்குள் மறைத்துக் கொண்டுபோய்க் கிணற்றில் எறிந்துவிட வேண்டும். இரண்டுக்கும் ஒரே கனம், ஒரே சத்தம். குடம் டங் டங் என்று நெடுநேரம் பேசிக்கொண்டிருந்தது, பின்னால் கிணறும் ப்ளக் ப்ளக் என்று அதற்குப் பதில் சொல்லிக்கொண்டிருந்தது, போட்டுவிட்டு வந்தவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்காமல் வேப்பமர நிழலில் போய் நின்றார்கள்.

வெள்ளை வேட்டியை விரித்துக் குடத்தைக் கவிழ்த்தார்கள். கோட்டைச்சாமி பச்சையைப் பொறுக்க, வேளார் வறுத்ததைப் பொறுக்கினார். வேளார் பக்கத்துக் குவியல் முதலில் ஒரு கைப்பிடி ஆனது, பிறகு ஒரு சிரட்டை அளவு ஆனது, பிறகு அவர் இரண்டு கையாலும் அணைத்துத் தள்ளவேண்டியதாயிற்று. கூட்டம் வேட்டியை நெருங்கி வந்தது. அங்கே நின்றவர்களில் எத்தனையோ பேர், தனக்கு மட்டும்தான் முகம் போய்த் திரும்பி வந்தது, தன்னுடைய மண் முகத்துக்கு மட்டும்தான் அய்யனார் இரங்கினார் என்று நெஞ்சுக்குள் பூட்டி வைத்து, பெற்ற தாயிடம்கூடச் சொல்லாமல் பயத்தோடு திரிந்தவர்கள். முன்வரிசையில் நின்ற ஒருத்தி மெதுவாகப் பக்கத்தில் இருந்தவளின் கையைக் கிள்ளி, "எக்கா, ஒனக்குமா?" என்றாள். "ஆடி மாசம்டி" என்றாள் அவள். அவ்வளவுதான், கூட்டம் உடைந்தது. எனக்கு வைகாசியில, எனக்குப் பேரன் பெறந்த அன்னிக்கு, எனக்கு ரெண்டு தடவ, என்று ஆளுக்கு ஆள் கத்தினார்கள், கட்டிப்பிடித்துக்கொண்டார்கள், கோட்டைச்சாமி எண்ணிக்கையை விட்டுவிட்டு, "எனக்கும்தான்யா!" என்று எழுந்து நின்று அழுதார். அவரை உட்காரவைத்து முதலிலிருந்து எண்ணவேண்டியிருந்தது.

வறுத்தது நூற்றிப் பதினாலு. பச்சை இருநூற்றி எண்பது.

சீனியம்மா கூட்டத்தைப் பார்த்து நின்றாள். சாவு வீட்டில் பாடுகிற அதே தொண்டை, அதனால் கடைசி ஆள் வரை கேட்டது. "பொழைச்சவுக நூத்திப் பதினாலு. செத்தவுக ஆறு. ரெண்டையும் சேத்தா, எம் புருசன் நீங்கலா, இந்தக் கெணறு மொகம் காட்டாம விட்டது நூத்தி இருபது பேருக்கு. அதுல போனது ஆறு. இருபது பேருக்கு ஒருத்தரு. கெணத்தக் குத்தம் சொல்லாதீக, மொகம் தெரிஞ்ச ஒருத்தரக்கூட அது சாகவிடல, அதுக்கு ஏதோ தெரியத்தான் செய்யுது. ஆனா அது சொன்னது ஒண்ணு, நாம எடுத்துக்கிட்டது வேற. நான் பாடுன பாட்டால வந்த வினை. தப்பு என்மேல." இதைச் சொல்லிவிட்டு, வறுத்த கொட்டைகளை மடியில் அள்ளிக்கொண்டு வீட்டைப் பார்த்து நடந்தாள். அவளுக்குத் தன் தப்பைச் சொல்வதற்கு ஒரு மூச்சுகூடத் திணறவில்லை என்பதை, அன்று அங்கே இருந்தவர்கள் இன்னும் சொல்லிச் சொல்லி ஆச்சரியப்படுகிறார்கள்.

வாசலில் உட்கார்ந்திருந்த சொந்தக்காரர்களைத் தாண்டி உள்ளே போனாள். கடற்கரை சுவரைப் பார்த்துப் படுத்திருந்தான். பாயில் கொட்டைகளைக் கொட்டினாள், கணக்கைச் சொன்னாள். அவன் கேட்டான், ஒவ்வொரு சொல்லையும் கேட்டான், கடைசியில் மெதுவாகத் திரும்பினான்.

"சரி. அந்த இருபதுல ஒருத்தன் நானா இருந்தா?"

"இருந்துட்டுப் போ!" என்றாள் சீனியம்மா. "அழுகுறது எனக்குக் கைத்தொழிலு, ஒனக்கு ஒரு கொறையும் வைக்கமாட்டேன். ஆனா யோவ், மத்த பத்தொம்பது பேரும் எந்திரிச்சு அவுகவுக வேலையப் பாக்கையில, அந்த ஒருத்தன் நான்தான்னு நீயாப் போயிப் படுத்துக்கிடறியே, ஒனக்கு யாருய்யா பாய விரிச்சுக் குடுத்தா?"

கடற்கரை எழுந்து உட்கார்ந்தான். அந்த "யோவ்" அவனுக்குச் செய்ததை நூற்றிப் பதினாலு கொட்டையும் சேர்ந்து செய்யவில்லை என்று நான் நினைக்கிறேன், ஆனால் கொட்டைகள் இல்லாமல் அந்த "யோவ்" அவள் வாயில் திரும்ப வந்திருக்காது. "ஏன் இப்படிக் கத்துற, வெளிய ஆளுக இருக்காகல்ல" என்றான்.

"இருக்கட்டும், நல்லாக் கேக்கட்டும்! ஊரு வெதைப்பு முடிஞ்சுபோச்சு, காட்டுல ஈரம் காஞ்சுக்கிட்டு இருக்கு, வெதையில எலி பூந்திருக்கு, மகராசன் மொகத்தத் தேடிக்கிட்டுப் படுத்திருக்கீரோ? மொகம் என்னய்யா மொகம், இந்தா இருக்கு, தாடியும் அழுக்குமா! நாந்தான் தெனமும் பாத்துத் தொலைக்கேன்ல!"

வாசலில் இருந்தவர்கள் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். சாகப்போகிறவனை எந்தப் பெண்டாட்டியும் இப்படித் திட்டமாட்டாள் என்பது அவர்களுக்குத் தெரியும். ஒருவர் வெற்றிலைப் பையைச் சுருட்டி இடுப்பில் செருகினார், ஒருவர் வேட்டியில் ஒட்டிய மண்ணைத் தட்டினார், ஒவ்வொருவராக எழுந்து தெருவில் இறங்கிப் போனார்கள். உள்ளே கஞ்சிச் சட்டியை வழிக்கிற சத்தமும், இன்னும் கொஞ்சம் ஊற்று என்கிற சத்தமும், அதற்கும் சேர்த்து அவள் திட்டுகிற சத்தமும் கேட்டன. கடற்கரை விதைப்பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு வெளியே வந்தபோது வாசல் காலியாக இருந்தது. பட்டினி கிடந்த கால், நடை தள்ளாடியது. சீனியம்மா அவன் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள், வாயை மட்டும் நிறுத்தவில்லை, காடு வரைக்கும் திட்டிக்கொண்டே போனாள்.